மேல்நோக்கி விழுந்தவன்

சாப்பிட உட்காரும்போதெல்லாம் ஆம்ப்ரோஸ் கட்மோர் முதலில் பூட்ஸைக் கழற்றுவான், பிறகு காலுறையை. தரை ஜில்லிட்டுக் கிடக்கும் ஜனவரியிலும் அப்படித்தான். மேஜைக்கு அடியில், நாற்காலியின் முன்கால் இரண்டையும் இணைக்கிற குறுக்குக் கட்டை ஒன்று இருந்தது. வலது காலின் கட்டைவிரலை அதன் மேலாகவும் அடுத்த விரலைக் கீழாகவும் கொடுத்து, கிளி கம்பியைப் பிடிக்கிற மாதிரி ஒரு பிடி பிடிப்பான். பிடி உட்கார்ந்த பிறகுதான் கை ரொட்டிக்குப் போகும். அந்த இடத்தில் மட்டும் கட்டை தேய்ந்து, எண்ணெய் தடவியது போலப் பளபளத்தது. கட்டை கிறீச்சென்றால் அவன் மனதில் ஏதோ ஓடுகிறது என்று அவன் மனைவி கெசையாவுக்குத் தெரியும். நிதானமாகப் பிடித்திருந்தால் இன்னொரு உருளைக்கிழங்கு வைப்பாள்.

அந்த வருஷம் ஆகஸ்டுக்குப் பிறகு அவன் பூட்ஸோடு சாப்பிட ஆரம்பித்தான். கட்டையில் தூசி படிந்தது. கெசையா அதைத் துடைக்கவில்லை. துடைத்தால் அவன் கண்ணில் படுமே என்று விட்டுவிட்டாள்.

எசெக்ஸ் கரையில், சேறும் உப்பங்கழியும் சுற்றி வளைத்த விக்கர்சே என்ற ஊர் அது. அங்கே பிறந்த ஆண்களுக்கு வருஷத்தில் இரண்டு பிறவி. குளிர் காலம் முழுக்கச் சிப்பி வாருவார்கள், உப்பு பட்டுக் கை வெடித்து ரத்தம் கசியும். மே மாதம் பிறந்துவிட்டால் அதே கைகள் பணக்காரர்களின் பந்தயப் படகுகளில் கயிறு இழுக்கும். மார்பில் படகின் பெயர் தைத்த நீலச் சட்டையும் வெள்ளைக் கால்சட்டையுமாக அவர்கள் நிற்கும்போது, சொந்தப் பெண்டாட்டிகளுக்கே அடையாளம் தெரியாது.

செராபீனா என்ற படகின் உச்சியாள் ஆம்ப்ரோஸ். பந்தயத்தின்போது மற்றவர்கள் தளத்தில் காற்று வருகிற பக்கமாகக் குப்புறப் படுத்துக் கிடப்பார்கள். தலை தூக்கினால் காற்றைத் தடுக்கும், அதற்கு மேலாக முதலாளியின் விருந்தாளிகளின் பார்வையையும் மறைக்கும். உச்சியாள் ஒருவன்தான் எழுந்து நிற்கிறவன். பாய்மரத்தில் சுற்றியிருக்கும் மரவளையங்களில் வெறுங்காலை வைத்து ஏறி, மரத்தின் மேற்பகுதியில் சிலுவையாக நிற்கும் குறுக்குச் சட்டத்தில் கால்விரலால் தொற்றிக்கொண்டு, உச்சிப் பாய் சிக்கினால் அவிழ்த்துவிட வேண்டும். கீழே எல்லோரும் பல்லிகள் மாதிரி ஒட்டிக் கிடக்க, அவன் மட்டும் வானத்தில் இருப்பான். பல கோடைகளாக அந்த இடம் அவனுடையது. தேவாலயத்தில் அவனுக்கு முன்வரிசை கிடையாது. ஆனால் மதுக்கடையில் அவன் வந்தால் யாராவது நகர்ந்து இடம் விடுவார்கள்.

பிப்ரவரியில் ஒரு காலை கேப்டன் லெவி புல்லன் படித்துறைக்கு வருவார். ஆண்களெல்லாம் வேறு எதற்கோ வந்தவர்கள் போல அங்கே நிற்பார்கள். உனக்கு வேலை உண்டு என்று கேப்டன் யாரிடமும் சொன்னதில்லை. "என்ன அளவு?" என்று மட்டும் கேட்பார். முதலாளி தருகிற வெள்ளைக் கான்வாஸ் ஷூவின் அளவு. யாருக்கு எந்த அளவு என்று அவருக்கு மனப்பாடம், இருந்தாலும் கேட்பார். கேட்கப்பட்டவனுக்கு அந்தக் கோடை உண்டு. கேட்கப்படாதவன் வீட்டுக்குப் போய் அடுப்பைப் பார்த்து உட்கார்ந்துகொள்வான்.

ஆம்ப்ரோஸ் ஷூவை வாங்கிக்கொள்வான், போட மாட்டான். உச்சியாளுக்கு ஷூ எதற்கு? கெசையா அவற்றை அலமாரியின் மேல்தட்டில் வரிசையாக வைத்திருந்தாள். ஒவ்வொரு கோடைக்கும் ஒரு ஜோடி, வெள்ளை வெளேரென்று, யாரும் மிதிக்காதவை.

செராபீனாவின் முதலாளி லுடோவிக் ஹார்பாட்டில். சோப்பு விற்றுச் சம்பாதித்ததைக் கடலில் கரைக்கிறவர். முதலில் குதிரைகள், பிறகு ஆர்க்கிட் செடிகள், பிறகு படகு. அந்தக் கோடையில் அவருக்குப் புதுப் பைத்தியம் ஒன்று பிடித்திருந்தது, அசையும் படம். முக்காலியில் நிற்கிற மரப்பெட்டி ஒன்றை வாங்கி, அதன் கைப்பிடியைச் சுற்றிச் சுற்றிப் பந்தயங்களைப் படம் பிடித்தார். தன் படகிலேயே இருந்தால் தன் படகு படத்தில் வராது என்பதால், பந்தய நாட்களில் அவர் நீராவிப் படகில் ஏறிக்கொண்டார். வெள்ளைக் குடைப் பெண்கள், குளிர்ந்த கோழி, ஷாம்பெயின், கேமரா எல்லாம் அதில் கூடவே போயின.

கவ்ஸ் துறைமுகத்துப் பந்தய வாரம். நல்ல வெயில், நல்ல காற்று. செராபீனா ஒரு பக்கம் சாய்ந்து பாய்ந்துகொண்டிருந்தது. ஆம்ப்ரோஸ் மேலே குறுக்குச் சட்டத்தில் இருந்தான். உச்சிப் பாயின் சிக்கலை எடுத்துவிட்டு இறங்குகிற நேரம். நீராவிப் படகு கிட்டத்தில் வந்தது. ஹார்பாட்டில் ஒரு வெள்ளைக் கைக்குட்டையை உயர்த்திக் காட்டினார். முன்பே பேசி வைத்த அடையாளம் போலிருக்கிறது.

சுக்கானைப் பிடித்திருந்த கேப்டன் புல்லன் அண்ணாந்து கத்தினார். "கட்மோர், தொப்பியை எடுத்து ஆட்டு."

ஆம்ப்ரோஸ் தப்பாகக் கேட்டுவிட்டோமோ என்று கீழே பார்த்தான்.

"என்னடா பாக்குற? முதலாளி கேக்கறாரு. ஆட்டு."

அந்த உயரத்தில் கையை விடுகிற உச்சியாள் கிடையாது. கேப்டன் சொல்லிக் கேட்காத உச்சியாளும் கிடையாது. அவன் ஒரு கையை எடுத்தான். தொப்பியைக் கழற்றி, பெரிய வீட்டுத் தோட்டத்தில் நிற்கும் சிறுவன் மாதிரி ஆட்டினான். நல்ல படம் வேண்டுமென்று இன்னும் நெருங்கிய நீராவிப் படகு கிளப்பிய அலை அப்போதுதான் செராபீனாவின் வயிற்றில் வந்து மோதியது. பாய்மரம் ஒரு சுண்டு சுண்டியது.

விழும்போது வலது கால் குறுக்குச் சட்டத்துக்கும் இரும்பு வடத்துக்கும் நடுவே மாட்டிக்கொண்டது. ஒரு கணம் அவன் தலைகீழாகத் தொங்கினான். அப்புறம் கால் வந்துவிட்டது, முழுசாக வரவில்லை.

பந்தயப் படகு திரும்பவில்லை. பக்கத்தில்தான் நீராவிப் படகு இருக்கிறதே. தண்ணீரிலிருந்து ஆம்ப்ரோஸ் பார்த்தான். நீராவிப் படகு நின்றிருந்தது. பெட்டிக்குப் பின்னால் ஹார்பாட்டிலின் வலது கை வட்டமாகச் சுற்றிக்கொண்டே இருந்தது. அவன் கையைத் தூக்கினான். அந்தக் கை சுற்றியது. அவன் உப்புத் தண்ணீர் குடித்தான், இருமினான், மூழ்கி எழுந்தான். அந்தக் கை ஒரே சீராக, மாவு அரைக்கிறவள் கைபோலச் சுற்றிக்கொண்டிருந்தது. ரீல் தீர்ந்த பிறகுதான் கயிறு வீசினார்கள்.

"பாத்தீங்களா, முடியற வரைக்கும் நடுவுலயே இருந்தான். ஓரமா ஒதுங்கிப் போயிருந்தா கெட்டுப் போயிருக்கும்," என்றார் ஹார்பாட்டில் விருந்தாளிகளிடம். "கெட்டிக்காரப் பய."

தேக்குத் தளத்தில் ரத்தம் சொட்டியதும் பணியாள் ஓடிப்போய் ஒரு வாளி கொண்டுவந்தான். "காலை இதுக்குள்ள வச்சுக்கப்பா, தளம் கறை புடிச்சிரும்." விருந்தாளிகளில் ஒருவர் டாக்டர். கோழிக்காலைத் தட்டில் வைத்துவிட்டு வந்து குனிந்து பார்த்தார்.

"கட்டைவிரலும் அடுத்ததும். இன்னும் எட்டு இருக்கு. எட்டு போதாதா ஒரு மனுஷனுக்கு?"

எல்லோரும் சிரித்தார்கள். வலியில் ஆம்ப்ரோஸும் சிரித்துவைத்தான்.

கரையில் ஓர் ஆஸ்பத்திரியில் மிச்சத்தை வெட்டித் தைத்து, ரயிலில் ஊருக்கு அனுப்பினார்கள். கேப்டனுக்கு அவன் சொல்லியனுப்பியது வேறு. கால்ல ஒரு வெட்டு, தையல் போட்டாச்சு, அடுத்த கோடைக்குத் தயார். நீராவிப் படகில் பார்த்தவர்கள் அடுத்த நாளே மறந்துபோனார்கள். விரல் விஷயம் தெரிந்தவள் கெசையா ஒருத்திதான்.

குளிர்காலத்தில் வலது பூட்ஸின் முனையில் கந்தையைத் திணித்துக்கொண்டு சிப்பிப் படகுக்குப் போனான். நடை கொஞ்சம் மாறியிருந்தது. "காயம் ஆறிட்டு வருது," என்பான். மாலையில் வீட்டுப் பின்கட்டில், விட்டத்தில் வளையம் ஒன்றைக் கட்டித் தொங்கவிட்டு, வெறுங்காலால் அதைப் பிடித்துப் பழகினான். இருக்கிற மூன்று விரலை மடக்கிப் பார்ப்பான். வளையம் நழுவும். விழுவான். எழுந்து மறுபடியும் காலைத் தூக்குவான்.

கெசையா கதவோரம் நின்று பார்த்தாள். "கீழ வேலை கேளேன் ஆம்ப்ரோஸ். கயிறு இழுக்குற வேலை. இல்லன்னா சமையலறை. கேப்டன் மாட்டேன்னா சொல்லப் போறாரு?"

"உச்சியில நின்னவன் கீழ உக்காந்து உருளைக்கிழங்கு உரிக்கவா?"

"உரிச்சா என்ன? உருளைக்கிழங்கு கடிக்குமா?"

"நீ சும்மா இரு. நான் ஏறுவேன்."

"விழுந்தா?"

"விழுந்தவன்தானே நான். இனிமே என்ன புதுசா விழுறது?"

அந்த ஞாயிறு தேவாலயத்திலிருந்து அவள் வீட்டுக்கு வர நேரமானது. தேவாலயத்துப் பாத்திரம் கழுவ நின்றேன் என்றாள். அவன் கேட்டுக்கொள்ளவில்லை, விட்டத்து வளையத்தில் கவனமாக இருந்தான்.

பிப்ரவரி வந்தது. வருஷா வருஷம் முதலாளி தன் ஆட்களுக்கு ஒரு விருந்து கொடுப்பார், பாய் தைக்கிற கூடத்தில். வேகவைத்த மாட்டிறைச்சி, கேரட், திராட்சை போட்ட புட்டு, பீர். அந்த வருஷம் ஹார்பாட்டில் தானே நேரில் வந்தார். கூடவே படம் காட்டுகிற இயந்திரமும் அதை இயக்க ஓர் ஆளும். பெண்களும் வரலாம் என்று சொல்லியனுப்பியிருந்தார். அஞ்சரை மணிக்கே வெளியே இருட்டிவிட்டது. சாப்பாடு முடிந்ததும் செராபீனாவின் பழைய முன்பாய் ஒன்றைச் சுவரில் கட்டினார்கள். அதன் மேல் கடல் வந்து விழுந்தது.

அப்புறம் யாரோ ஒருத்தி, "ஐயோ, அது என் வீட்டுக்காரர்," என்றாள்.

"எது?"

"அந்த மூணாவது பின்பக்கம்."

கூடம் இடிந்துபோகச் சிரித்தது. குப்புறப் படுத்துக் கிடக்கும் ஆண்களைப் பின்புறம் பார்த்தே அடையாளம் கண்டுபிடித்தார்கள் பெண்கள். "பேன்ட் கிழிஞ்சத நான்தான் தச்சேன், தெரியுது பாரு." "நீ தச்ச லட்சணம் லண்டன் வரைக்கும் தெரியும்டி."

அப்போது படம் மேலே போனது. பாய்மரத்தின் மேல், வானத்துக்கு எதிரே, ஆம்ப்ரோஸ்.

அவனே தன்னை வேறு யாரோ என்று நினைத்தான். அந்த ஆள் நிதானமாக நின்றான். கீழே பார்த்தான். பிறகு ஒரு கையை விட்டு, தொப்பியைக் கழற்றி ஆட்டினான். வாயெல்லாம் பல். அப்புறம் விழுந்தான். தண்ணீர் எழும்பி அடங்கியது. தண்ணீருக்குள் ஒரு சின்னக் கரும்புள்ளி கையைத் தூக்கியது.

"அடப்பாவி, சினிமாக்காரனைப் பாத்து பல்லைக் காட்டினியாடா?" என்றது இருட்டில் ஒரு குரல்.

"மூஞ்சி தெரியணும்ல. மாப்ளைக்கு லண்டன்ல வேற பொண்ணு பாக்குறாங்களோ என்னவோ."

ஊர் முழுக்க அதுவரை நினைத்திருந்தது, காற்றில் கால் தவறி விழுந்தான் என்று. அது எந்த உச்சியாளுக்கும் நேரக்கூடியது. இப்போது எல்லோரும் கண்ணால் பார்த்தார்கள். அவன் தானே கையை விட்டிருக்கிறான், பெருமைக்கு. படத்துக்கு வாய் கிடையாது. கேப்டன் கத்தியது அதில் இல்லை.

ஆம்ப்ரோஸ் எழுந்து நின்றான். பேச வராதவன். "கேப்டன் சொன்னாரு. ஆட்டுன்னு அவர்தான் சொன்னாரு."

எல்லோரும் கேப்டன் பக்கம் திரும்பினார்கள். லெவி புல்லன் புகைக்குழாயில் புகையிலையைக் கட்டைவிரலால் அழுத்திக்கொண்டிருந்தார். முதலாளி இரண்டு நாற்காலி தள்ளி உட்கார்ந்திருந்தார்.

"நானா? பந்தயத்துல சுக்கானைப் புடிச்சுக்கிட்டு நான் ஏன்டா மேல பாக்கப் போறேன்? பாயைப் பாப்பேன், எதிராளியைப் பாப்பேன். உன் மூஞ்சியவா பாப்பேன்?"

அதற்கும் சிரித்தார்கள். அன்று தளத்தில் குப்புறக் கிடந்து அந்தக் கத்தலைக் கேட்டவர்கள் பீர்க் குவளைக்குள் பார்த்தார்கள், அடுத்த கோடை அவர்களுக்கும் வேண்டியிருந்தது. கைக்குட்டையை உயர்த்தியவர் கேட்டுக்கொண்டுதான் இருந்தார். தான் ஒன்றைக் கேட்டதோ, ஒருவன் அதைச் செய்ததோ அவருக்கு ஞாபகம் இருந்ததாகவே தெரியவில்லை. "உக்காருப்பா, உக்காரு. இனிமேதான் வேடிக்கையே இருக்கு," என்று இயந்திரக்காரனுக்குச் சைகை காட்டினார்.

கைப்பிடியை எதிர்ப்பக்கமாகச் சுற்றினான் அவன். கரும்புள்ளி கையை இறக்கியது. சிதறிக் கிடந்த தண்ணீர் ஒன்றுகூடி ஒரு குழியாகி, அதிலிருந்து ஒரு மனிதன் கால் முன்னாலாக வெளியே பிதுங்கி வந்தான். காற்றில் மேலே மேலே போனான். தொப்பி பறந்து வந்து கையில் ஒட்டிக்கொண்டது. அவன் அதை ஆட்டி, தலையில் வைத்து, பாய்மரத்தில் நிம்மதியாக நின்றான். பிள்ளைகள் பெஞ்சிலிருந்து உருண்டு விழுந்தார்கள். வயதானவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். "இன்னொரு தடவை ஐயா, இன்னொரு தடவை."

திரும்பத் திரும்பப் போட்டார்கள். எச்சில் தட்டு எடுத்துப் போன பெண்கள்கூடத் தட்டோடு நின்றுவிட்டார்கள்.

ஆம்ப்ரோஸ் வெளியே போகவில்லை. அவன் ஒன்றைப் பார்த்துவிட்டிருந்தான். மேலே போகும்போது அந்த வலது கால் சட்டத்துக்கும் வடத்துக்கும் நடுவே புகுந்தது. ஒரு கணம் அங்கே நின்றது. பிறகு முழுசாக வெளியே வந்து சட்டத்தைப் பிடித்துக்கொண்டது. விரல் தெரிகிற தூரம் இல்லை அது. அவனுக்குத் தெரிந்தது.

மறுநாள் காலை படித்துறையில் உறைபனி. செராபீனா சேற்றுக் குழியில் கிடந்தது, பாய்மரம் மட்டும் வெள்ளை வானத்தில் நேராக நின்றது. ஊரே திரண்டிருந்தது. முதலாளி இன்னும் ஊரை விட்டுப் போகவில்லை. முக்காலியை நட்டு, ரோமக் கையுறையோடு பெட்டிக்குப் பின்னால் நின்றார்.

கேப்டன் வரிசையாக வந்தார். "என்ன அளவு?" "எட்டு, கேப்டன்." "என்ன அளவு?" "பத்து." ஒவ்வொருத்தனும் அளவைச் சொல்லிவிட்டு மூச்சை விட்டான். ஆம்ப்ரோஸ் முன்னால் வந்தபோது கேப்டன் எதுவும் கேட்கவில்லை. அவன் பக்கத்தில் ஹெட்லி நின்றிருந்தான், கேப்டனின் அக்கா மகன், மீசை இன்னும் முடிவெடுக்காத வயது.

"உச்சிக்கு ரெண்டு பேர் இருக்கீங்க," என்றார் கேப்டன். "ஏறிக் காட்டுங்க. யார் நல்லா ஏறுறானோ அவன்."

பல கோடை ஏறியவனை யாரும் ஏறிக் காட்டச் சொன்னது கிடையாது. அது புதுப் பையன்களுக்கு வைக்கிற பரீட்சை. கூட்டத்தில் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. ஆம்ப்ரோஸ் தலையசைத்துவிட்டு மரத்துப் பக்கம் நகர்ந்தான்.

"பூட்ஸைக் கழட்டு," என்றார் கேப்டன்.

"குளிரா இருக்கு கேப்டன். இப்படியே ஏறுறேன்."

"உச்சியாள் பூட்ஸோட ஏறி நீ பாத்திருக்கியா? கழட்டு. காலுறையும்."

ஹெட்லி அதற்குள் கழற்றிவிட்டு நின்றான். ஆம்ப்ரோஸ் கெசையாவைத் தேடினான். அவள் பெண்கள் கூட்டத்தின் பின்னால், யாருடைய முதுகுக்கோ மறைவாக நின்றாள். முகம் தெரியவில்லை. அவன் கரையில் கவிழ்ந்து கிடந்த தோணி ஒன்றின் மேல் உட்கார்ந்தான். இடது பூட்ஸை முதலில் கழற்றினான். வலது பூட்ஸைக் கழற்ற நேரமெடுத்துக்கொண்டான். பூட்ஸிலிருந்து கந்தை விழுந்தது. காலுறை உரிந்து வந்தது.

சின்னப் பிள்ளை ஒன்றுதான் முதலில் கேட்டது. "அம்மா, மீதி எங்க?"

"நேத்து படத்துல ரிவர்ஸ்ல போகும்போது ஒட்டிக்கலியோ?" என்றான் ஒருவன். மெல்லச் சிரிப்பு பரவியது. சிலர் சிரிக்கவில்லை. அவர்களும் பார்வையை எடுக்கவில்லை.

ஹார்பாட்டில் பெட்டிக்கு மேலாக எட்டிப் பார்த்தார். "அடடா. இது எப்ப ஆச்சு?"

வாளியையும் தேக்குத் தளத்தையும் நினைவில் வைத்திருக்கிற ஒரே ஆள் மரத்தடியில் வெறுங்காலோடு நின்றான்.

ஹெட்லி அணில் மாதிரி ஏறி இறங்கினான். பிறகு ஆம்ப்ரோஸ். மரவளையங்களில் பனி உறைந்திருந்தது. இடது காலை வைத்து, கையால் உடம்பைத் தூக்கி, வலது பாதத்தின் நடுப்பகுதியை வளையத்தில் கொக்கிபோல மாட்டி, அடுத்ததற்குக் கை நீட்டினான். ஊர் பார்த்துக்கொண்டிருந்தது. நழுவினான், தொங்கினான், மறுபடி மாட்டினான். பாதி உயரத்துக்கு மேல் கேலி நின்றுபோனது. குறுக்குச் சட்டத்தை அவன் எட்டிப் பிடித்தபோது கிழவர் ஒருவர் தொப்பியைக் கழற்றினார், எதற்கென்று தெரியாமல்.

இரண்டு கையாலும் மரத்தைக் கட்டிக்கொண்டு மேலே நின்றான். அவனுக்குத் தெரிந்தது: ஏறியாகிவிட்டது. இதற்குமேல் கேட்க எதுவும் இல்லை.

கீழே ஹார்பாட்டிலின் கை சுற்றத் தொடங்கியது. "பிரமாதம். லெவி, அவனை ஆட்டச் சொல்லு. போன தடவை மாதிரியே. அந்தப் படத்தோட சேத்துப் போட்டா ஜோரா இருக்கும்."

ஊர் முன்னால், எல்லோர் காதிலும் விழும்படி, கேப்டன் அண்ணாந்து கத்தினார். "கட்மோர், தொப்பியை எடுத்து ஆட்டு."

அதே குரல். அதே வார்த்தைகள். யாராவது ஒருவர் இப்போது திரும்பிக் கேப்டனைப் பார்த்திருந்தால் நேற்றைய பொய் அங்கேயே உடைந்திருக்கும். எல்லோரும் மேலேதான் பார்த்தார்கள்.

"ஆட்டினா வேலை உனக்கு," என்று கேப்டன் சேர்த்துக்கொண்டார். "முதலாளி பாத்துட்டு இருக்காரு."

விரல் இருந்தவரைக்கும் அந்தக் கால் ஒரு கைக்குச் சமம். இப்போது அது உடம்பில் ஒட்டிய ஒரு கட்டை. ஒரு கையை எடுத்தால் கீழே தண்ணீர்கூட இல்லை, உறைந்த சேறு. ஆம்ப்ரோஸ் வலது கையை மரத்திலிருந்து கொஞ்சம் தளர்த்திப் பார்த்தான். உடம்பு உடனே வெளியே சாய்ந்தது. மறுபடி கட்டிக்கொண்டான். தலை மட்டும் அசைந்தது, மாட்டேன் என்று.

கீழே கை சுற்றிச் சுற்றி நின்றது. "ச்சே. நல்ல ரீலை வீணாக்கிட்டான்," என்றார் ஹார்பாட்டில். கையுறையைத் தட்டிக்கொண்டு டீ கேட்டார்.

அவன் இறங்கி வர வெகு நேரமானது. கூட்டம் பாதி கலைந்திருந்தது. கேப்டன் ஹெட்லியின் முன்னால் நின்றார்.

"என்ன அளவு?"

"ஒன்பது," என்றான் ஹெட்லி தரையைப் பார்த்தபடி.

ஆம்ப்ரோஸ் எதிரே வந்து நின்றான். கால் குளிரில் மரத்துப் போயிருந்தது. "ஏறிட்டேன் கேப்டன்."

"ஏறினே. சொன்னதைச் செஞ்சியா? மேல நின்னுக்கிட்டு மாட்டேன்ங்கறவனை நான் எப்படி வச்சுக்கறது?" கேப்டன் கொஞ்சம் யோசிப்பது போல நிறுத்தினார். "அதோட உன்கிட்ட நான் என்ன அளவுன்னு கேக்கறது? காலுக்கு ஒண்ணா ரெண்டு அளவு சொல்லுவே. கடைக்காரன் குழம்பிருவான்."

நின்றிருந்தவர்கள் சிரித்தார்கள். அளவு கேட்கப்பட்டவர்கள்தான் ரொம்பச் சிரித்தார்கள்.

அதற்குப் பிறகு ஆம்ப்ரோஸ் கட்மோருக்கு எந்தக் கோடையும் இல்லை. மே மாதம் ஆண்கள் எல்லோரும் ரயிலேறிப் போனபின், நடக்க முடிந்த ஆம்பளை என்று ஊரில் மிஞ்சியவன் அவன் ஒருவன்தான். கிழவிகள் அவனைக் கூப்பிட்டு விறகு பிளக்கச் சொல்வார்கள். கழி வற்றும்போது சேற்றில் குனிந்து கடல் நத்தை பொறுக்குவான். பிள்ளைகள் கரையில் வரிசையாக நின்று, "மாமா, மேல விழுங்க மாமா," என்று கத்தும். அலமாரியிலிருந்த வெள்ளை ஷூக்களைக் கெசையா ஒருநாள் ஒவ்வொன்றாக எடுத்து ஊர்ப் பையன்களுக்குக் கொடுத்தாள். பையன்கள் அதைப் போட்டுக்கொண்டு அவன் முன்னாலேயே ஓடினார்கள்.

படத்தை ஹார்பாட்டில் சந்தைக் கொட்டகைக்காரன் ஒருவனுக்குக் கொடுத்துவிட்டார். அவருக்கு அதற்குள் மோட்டார் கார் வந்திருந்தது. இலையுதிர் காலச் சந்தைக்கு வருஷா வருஷம் அந்தக் கொட்டகை வரும். 'மேல்நோக்கி விழும் மாலுமி' என்று பலகை எழுதி வைத்திருந்தான். முதலில் விழுவதைக் காட்டுவான், பிறகு எழுவதை. ஆம்ப்ரோஸ் முதல் பாதி முடியும்வரை வெளியே துணிச்சுவர் ஓரமாக நிற்பான். உள்ளே சிரிப்பு ஓய்ந்து, இயந்திரம் எதிர்ப்பக்கம் சுற்றும் சத்தம் கேட்டதும் உள்ளே நுழைவான். கால் சட்டத்துக்குள் புகுந்து முழுசாக வெளியே வருவதைப் பார்த்துவிட்டு, தொப்பி கைக்கு வருமுன் கிளம்பிவிடுவான். கொட்டகைக்காரன் அவனைத் தெரிந்துகொண்டபின், "திரை பக்கத்துல வெறுங்காலோட சும்மா நில்லு, கூட்டம் ரெட்டிப்பாகும்," என்றான். ஆம்ப்ரோஸ் அவனைப் பார்த்துக்கொண்டே நின்றான். மறுவருஷமும் வந்தான், எப்போதும்போல இரண்டாம் பாதிக்கு மட்டும்.

ஒரு மார்ச்சில் சிப்பிப் படகில் நனைந்து, நெஞ்சில் சளி கட்டி, செத்துப்போனான். சவப்பெட்டிக்குள் அவனுக்குக் காலுறை போட்டுவிட்டாள் கெசையா. பூட்ஸ் போடவில்லை.

தன்னை அன்றைக்கு ஏன் ஏறச் சொன்னார்கள், கேப்டன் ஏன் அப்படி அடம்பிடித்துப் பூட்ஸைக் கழற்ற வைத்தார் என்று அவன் சாகும்வரை கேட்டுக்கொண்டிருந்தான். நடை மாறியதைப் பார்த்துவிட்டாரோ என்பான். கெசையா அடுப்பைக் கிளறுவாள்.

எனக்கு இது தெரிய வந்தது அவர்கள் எல்லோரும் போய்ச் சேர்ந்தபின், கேப்டன் வீட்டில் வேலை பார்த்த பெண்மணி சொல்லி. அந்த ஞாயிறு தேவாலயம் முடிந்து கெசையா பாத்திரம் கழுவ நிற்கவில்லை. கேப்டன் வீட்டுப் பின்வாசலில் நின்றிருக்கிறாள். "அவருக்கு ரெண்டு விரல் இல்ல. மேல ஏத்திடாதீங்க, செத்துப்போவாரு. சமையலறையில ஒரு வேலை குடுங்க. நான் சொன்னேன்னு மட்டும் சொல்லிராதீங்க," என்று சொல்லியிருக்கிறாள். கேப்டன் அவளை உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்து டீ கொடுத்து, "கவலைப்படாதம்மா, நான் பாத்துக்கறேன்," என்றாராம்.